உதுமான் என்னும் பெயர்

நம் கல்லூரியின் விழா மலருக்கு ஒரு கட்டுரை வரைந்து அனுப்புக எனப் பழைய மாணவர் சங்கத்தார் எம்மைப் பணித்தனர். கல்லூரி நாட்களின் நினைவுகளை எழுதுவோர் பலராவர். அவர்தம் எழுத்து எமது எழுத்தினும் சுவையுடைத்தாகும். ஆதலின், இக்கல்லூரியின் வகுப்பறையிலே யாம் கற்ற இலக்கணம், தொலைவிலுள்ள ஒரு கரையோரத்திலே எவ்வாறு வாழ்க்கைக்கு உதவியது என்பதை எழுதத் துணிந்தோம். அதற்கு எடுத்துக்கொண்ட பொருள் ஒரேயொரு பெயர். அப்பெயர் உதுமான் என்பது.

சைவமும் தமிழும் வளர்க்கும் கல்லூரியின் மலரிலே அரபுப் பெயருக்கு இடமுண்டோ என ஐயுறுவார் உளராயின், நன்னூலார் திசைச்சொல்லுக்கு இலக்கணம் கூறுமிடத்தை அவர்க்கு நினைவூட்டுவோம். செந்தமிழ் நிலத்தைச் சூழ்ந்த பன்னிரு நிலத்துச் சொற்களேயன்றி, பதினெண் நிலங்களுள் தமிழ் ஒழிந்த பதினேழு நிலத்துச் சொற்களும் தமிழில் வந்து வழங்குமாயின் அவையும் திசைச்சொல்லேயாம் என்பது பவணந்தியார் துணிபு. அந்நிலங்களை உரையாசிரியர் எண்ணிக் கூறுகையில், சிங்களம், சாவகம், சீனம் என்பவற்றோடு சோனகம் என்பதனையும் வைத்தனர். நம் நாட்டு முஸ்லிம்களைச் சோனகர் என வழங்குதல் யாவரும் அறிந்தது. எனவே சோனக நிலத்திலிருந்து வந்த பெயரைத் தமிழிலக்கணம் வாயிலிலேயே நிறுத்திவைக்கவில்லை. பல நூற்றாண்டுகட்கு முன்னரே உள்ளே அழைத்துப் பாயிட்டு அமர்த்தியது.

யாம் பதினைந்து ஆண்டுகட்கு மேலாக மன்னார் மாவட்டத்தின் தென்கோடியிலே, முள்ளிக்குளத்தை அண்டிய பகுதியில் தமிழ் கற்பித்து வருகின்றோம். மேற்கே மன்னார்க் குடாக்கடல். தெற்கே வில்பத்துக் காடு. வடக்கே மறிச்சுக்கட்டி முதலாகக் கொண்டச்சி, சிலாவத்துறை, அரிப்பு வரை நீளும் முத்துச் சலாபக் கரை. முள்ளிச்செடி படர்ந்த குளம் என்பதே ஊர்ப்பெயரின் பொருள். முள்ளிக்குளத்தார் கத்தோலிக்கர், கடற்றொழிலும் வயற்றொழிலும் உடையவர். அயலூர்களாகிய மறிச்சுக்கட்டியும் கரடிக்குளியும் பாலைக்குளியும் முஸ்லிம் மக்களின் ஊர்கள்.

இருசாராரும் தத்தம் ஊரை இழந்தவர்கள். 1990 ஆம் ஆண்டு ஒக்டோபர் மாதத்திலே வடமாகாண முஸ்லிம் மக்கள் யாவரும் விடுதலைப் புலிகளால் வெளியேற்றப்பட்டனர். 70,000 பேருக்கும் மேற்பட்டோர் அவ்வாறு சென்றனர். மன்னாரைச் சேர்ந்தோர் பெரும்பாலும் புத்தளத்திலே தங்கினர். முள்ளிக்குளத்தார் 2007 ஆம் ஆண்டு செப்டெம்பர் மாதத்தில் படையினரால் வெளியேற்றப்பட்டனர். பின்னர் அவ்வூரிலே கடற்படைத் தளம் அமைந்தது. 2017 ஆம் ஆண்டு மக்கள் அறவழியில் நடத்திய போராட்டத்தின் பின்னரே நிலத்தின் ஒரு பகுதியை விடுவிக்க உறுதி கூறப்பட்டது. ஊரின்றி அயலிலே கொட்டிலமைத்து இருந்த காலத்தும் அம்மக்கள் தம்மை முள்ளிக்குளத்தார் என்றே கூறினர். நிலம் கையிலில்லாத காலத்திலே மனிதனிடம் எஞ்சுவது பெயரொன்றே என்பதை யாம் நூலிற் கற்றிலோம், அவர்களிடமே கற்றோம்.

இனி, எம் பொருளுக்கு வருவோம். சில ஆண்டுகட்கு முன், கோட்டமட்டத் தமிழ்த்தினப் போட்டிக்கு அயலூர்ப் பாடசாலைகளின் மாணவரைப் பயிற்றும் பணி எம்மிடம் வந்தது. விண்ணப்பப் படிவத்திலே ஒரு மாணவன் தன் பெயரை ஒஸ்மான் என எழுதியிருந்தான். இடாப்பிலோ அவன் பெயர் உதுமான். வினவியபோது, "உதுமான் என்பது ஊர்ப்பேச்சு, சேர். சரியான பெயர் ஒஸ்மான்தான்" என்றான். 2019 ஆம் ஆண்டு தொடங்கிய 'குருலுஷ் ஒஸ்மான்' என்னும் துருக்கித் தொலைக்காட்சித் தொடரை அவ்வூர் இளைஞர் கைத்தொலைபேசியிலே விரும்பிப் பார்த்து வந்தனர். குதிரையேறி வாள் சுழற்றும் தலைவனுக்குரிய பெயரிருக்க, தன் வாப்பாவின் வாப்பா இட்டு வழங்கிய பெயர் எழுத்தறியாதார் சிதைத்த வடிவமென அச்சிறுவன் கருதிவிட்டான். எம் மாணவர் பலர்க்கும் இவ்வெண்ணம் உண்டு. பிறநாட்டார் வாயிற் பிறந்த வடிவம் செவ்விய வடிவம் என்றும், தம் பாட்டிமார் வாயில் வந்த வடிவம் கொச்சை என்றும் அவர்கள் எண்ணுகின்றனர். இவ்வெண்ணத்தைக் களைதல் தமிழாசிரியன் கடன் எனக் கருதி, அன்று மாலையே ஒஸ்மானையும் உதுமானையும் கரும்பலகையில் அருகருகே எழுதினோம்.

முதலிற் பொருளைக் காண்போம். உதுமான் என்பதன் மூலம் அரபு மொழியிலுள்ள உத்மான் என்னும் பெயர். அரபு அகராதிகாரர் இதற்கு, ஹுபாரா என்னும் பறவையின் குஞ்சு என்று பொருள் கூறுவர். பாம்பின் குட்டி என்ற பொருளும் உண்டு. ஹுபாரா என்பது பாலைநிலத்திலே ஓடித் திரியும் பறவை. தமிழிலே கானமயில் என நாம் கூறும் பறவையின் இனத்தது. அரபு நாட்டார் வல்லூற்றைப் பழக்கி அதனை வேட்டையாடுவர். ஆகவே உதுமான் என்பதனைத் தமிழிற் பெயர்த்தால் கானமயிற் குஞ்சு என்றாகும்.

பறவைக் குஞ்சின் பெயரை மைந்தனுக்கு இடுதல் வியப்பன்று. விலங்கின் பெயரையும் பறவையின் பெயரையும் மக்கட்கு இடுதல் பழங்குடிகள் யாவற்றுக்கும் பொது. நம்மவருள் மயில்வாகனம் என்ற பெயர் எத்துணைப் பெருக்கம்! மானிப்பாய் இந்துக் கல்லூரியின் அதிபராய் 1920 ஆம் ஆண்டில் அமர்ந்தவரும், பின் 1924 ஆம் ஆண்டில் துறவு பூண்டு விபுலாநந்தர் எனப் பெயர் பெற்றவருமாகிய யாழ்நூலாசிரியர்க்குப் பெற்றோர் இட்ட பெயரும் அதுவே. அங்கே மயில், இங்கே கானமயில். பிள்ளை சிறகுடையதாய் வளர்க என்னும் பெற்றோர் உள்ளம் இரண்டினுக்கும் ஒன்றே.

இப்பெயர் இஸ்லாமிய உலகெங்கும் பரவியதற்குக் காரணர், 644 முதல் 656 வரை மூன்றாம் கலீபாவாய் ஆண்ட உதுமான் என்பார். செல்வ வணிகர், நாணமும் ஈகையும் மிக்கவர் எனப் போற்றப்பட்டவர். நபிகளாரின் புதல்வியர் இருவரை ஒருவர்பின் ஒருவராக மணந்தமையால் இருசுடர் உடையார் என்னும் பொருளில் துன்னூறைன் எனச் சிறப்பிக்கப்பட்டவர். திருக்குர்ஆனை ஒரே பாடமாக எழுதுவித்து நாடுகடோறும் அனுப்பியதும் அவர் காலத்திலேயாம். அவர்க்குப்பின் அப்பெயரை இட்டோர் பறவையை நினைத்து இட்டிலர். அப்பெரியாரை நினைத்தே இட்டனர். பெயரின் வேர்ப்பொருள் வேறு, பெயரை இடுவோர் கருதும் பொருள் வேறு என்பதனை மாணவர் இவ்விடத்தே உணர்தல் வேண்டும்.

அடுத்து ஒலியைக் காண்போம். அரபிலே இப்பெயரின் நடுவெழுத்து மூன்று புள்ளி பெற்றது. நாவின் நுனி மேற்பல்லின் விளிம்பை ஒற்ற அவ்வொலி பிறக்கும். மேற்பல்லின் அடியை நாநுனி பரந்து ஒற்றத் தகரம் பிறக்கும் எனத் தொல்காப்பியர் பிறப்பியலிற் கூறினார். இரண்டும் பல்லிடத்து ஒலிகள். உடன்பிறப்பு அல்லவெனினும் ஒரு தெருவினர். ஆதலின் தமிழர் அதனைத் தகரத்தாற் பிடித்தனர். தகரமெய் தன்னொடு தானே மயங்குமன்றி மகரத்தோடு மயங்காது என்பது நம் இலக்கணம். எனவே 'த்ம்' என்னும் மயக்கத்தை நீக்க இடையிலே உகரம் வந்தது. பத்மம் என்னும் வடசொல் பதுமம் ஆயிற்று. ஆத்மா ஆத்துமா ஆயிற்று. அவ்வாறே உத்மான் உதுமான் ஆயிற்று. காப்பியப் புலவர்க்குப் பதுமம் செவ்விய தமிழாயின், மறிச்சுக்கட்டிப் பாட்டிக்கு உதுமான் கொச்சையாதல் எங்ஙனம்?

துருக்கி மொழியில் நிகழ்ந்தது வேறு. அம்மொழியிலே அப்பல்லொலி இல்லை, பாரசீகத்திலும் இல்லை. இரண்டும் அதனை ஸகரமாக்கின. துருக்கியர் முதலுகரத்தையும் ஒகரமாக்கி ஒஸ்மான் என்றனர். 1928 ஆம் ஆண்டு வரை அவர்கள் அரபெழுத்திலேயே எழுதியமையால், ஏட்டில் மூன்று புள்ளி எழுத்தே நின்றது. வாயில் மட்டும் ஸகரம் வந்தது. அவ்வாண்டில் உரோமை எழுத்து நடைமுறைக்கு வந்தபின் ஏடும் வாயின்வழி ஆயிற்று. பாரசீக வழியாக வட இந்தியா சென்ற வடிவம் உஸ்மான். ஐதராபாத்தின் உஸ்மானியாப் பல்கலைக்கழகம் 1918 ஆம் ஆண்டில் அந்நாட்டு நிசாம் மீர் உஸ்மான் அலிகானின் பெயரால் எழுந்தது. சென்னைத் தியாகராய நகரில் உஸ்மான் சாலை என ஒரு பெருந்தெரு உண்டு. 1934 ஆம் ஆண்டிலே சென்னை மாகாணத்தின் ஆளுநர் பொறுப்பைச் சிலகாலம் வகித்த முகம்மது உஸ்மானின் பெயர் அது.

நான்காவது வடிவமொன்றும் உண்டு. அதனை எம் மாணவர் வரலாற்றுப் பாடத்திலே நாள்தோறும் படிக்கின்றனர், படித்தும் அறிகிலர். 1453 ஆம் ஆண்டில் கொன்ஸ்தாந்திநோபிளைக் கைப்பற்றிய ஒட்டோமன் துருக்கியர் என்னும் தொடரில் வரும் ஒட்டோமன், இவ்வுதுமானேயாம். ஒஸ்மான் வழிவந்த அரசரை அரபு முறையில் உத்மானி என வழங்க, இத்தாலியர் அதனை ஒட்டோமானோ என்றனர்; ஐரோப்பியர் பிறரும் அவ்வழி நின்றனர். இதனைக் கூறியதும் எம் மாணவன் சிறிதுநேரம் கரும்பலகையையே பார்த்திருந்து, "ஒட்டோமனும் என்ட பெயர்தானா, சேர்?" என்றான். ஆம் என்றோம். நண்பர் கைகொட்டிச் சிரித்தனர்; அவன் சிரித்திலன்.

அவ்வரசமரபின் முதல்வன் பெயர்பற்றி அறிஞரிடையே ஒரு வழக்கு உண்டு. அவன் காலத்து வாழ்ந்த பைசாந்திய வரலாற்றாசிரியர் பக்கிமேரசு, அவன் பெயரை அத்மான் என்பதுபோல எழுதினார். கிரேக்கர் உதுமான் என்னும் அரபுப் பெயரை எழுதும் வழக்கம் அதுவன்று. அவன் தந்தையின் பெயர் எர்துக்ருல். மகனின் பெயர் ஒர்கான். இரண்டும் துருக்கிப் பெயர்கள். ஆகவே அவனுக்கும் முதலில் அத்மான் அல்லது அதமான் என்றொரு துருக்கிப் பெயரே இருந்தது என்றும், பின்னரே அது கலீபாவின் பெயரோடு இயைந்து ஒஸ்மான் ஆயிற்று என்றும் சிலர் கருதுவர். அக்கருத்து உண்மையாயின், அவன்றன் பெயரே மூலத்தில் வேறு; பாலைக்குளியிலும் கரடிக்குளியிலும் வழங்கும் உதுமானோ அரபு மூலத்தினின்று நேரே வந்தது! எர்துக்ருல் என்பதிலுள்ள துக்ருல் ஒரு வேட்டைப் பறவையின் பெயர். தந்தை வல்லூறு, மைந்தன் கானமயிற் குஞ்சு. பெயரின் வேர்களைத் தோண்டுவார்க்கு இத்தகைய வேடிக்கைகள் கிடைப்பதுண்டு.

தமிழ்க் கரையின் வடிவம் அரபுக்கு அணித்தாய் அமைந்தது தற்செயலன்று. வட இந்தியாவுக்கு இஸ்லாமும் அதனோடு வந்த பெயர்களும் பெரும்பாலும் நிலவழியாகப் பாரசீக, துருக்கி மொழியினர் வாயிலாக வந்தன. நமக்கோ அவை கடல்வழியாக அரபு வணிகர் வாயிலாக வந்தன. காயல்பட்டினம், கீழக்கரை, இலங்கை ஆகிய இடங்களின் முஸ்லிம்கள் பெரும்பாலும் ஷாபி மத்ஹபைப் பின்பற்ற, துருக்கியரும் வட இந்தியரும் ஹனபி மத்ஹபைப் பின்பற்றுதலும் இதற்கோர் அடையாளம். 1344 ஆம் ஆண்டில் இபுனு பதூதா என்னும் மொறோக்கோ நாட்டுச் செலவர் ஆரியச்சக்கரவர்த்தியைக் கண்டு அவரிடமிருந்த முத்துக்களை வியந்ததும் இக்கரையோரத்தே. 1906 ஆம் ஆண்டு மறிச்சுக்கட்டியில் முத்துக்குளிப்பு நடந்தபோதும் பாரசீகக் குடாவிலிருந்து அரபுச் சுழியோடிகள் வந்து, தமிழ்ச் சுழியோடிகளோடு ஒரே கடலில் மூழ்கினர். பின்னாளிற் பேரெழுத்தாளராய் விளங்கிய லெனாட் வூல்வ் அன்று இளம் அதிகாரியாய் அவ்விடத்துக் கடமையாற்றியவர். மன்னார்த் தீவின் பள்ளிமுனையில் நிற்கும் பெருக்க மரத்தையும் அரபு வணிகரே கொணர்ந்தனர் என்பர். மரத்துக்கு ஊரார் நிழலும் நீரும் தந்தனர். பெயர்க்குத் தமிழ் உகரமும் சாரியையும் தந்தது.

இவ்வுறவுக்கு இன்னுமொரு சான்று கூறாது விடுதல் எமக்கு இயலாது. அரபியர் தம் மொழியை 'ளாத்' என்னும் எழுத்தின் மொழி எனப் பெருமையாகக் கூறுவர். அவ்வொலி பிறமொழிகளில் அரிது என்பது அவர் கருத்து. நாமும் ழகரத்தைத் தமிழின் சிறப்பெழுத்து என்கின்றோம். நோன்பு மாதத்தின் பெயரில் அவ்வரபெழுத்து உண்டு. துருக்கியரும் வட இந்தியரும் அதனை ஸகரத்துக்கு அணித்தாகிய ஓரொலியால் ஒலிப்பர். இலங்கை முஸ்லிம்களோ ரமழான் என்றனர். தம்மிடத்து அரிய ஒலியொன்று வந்து விருந்தாக நிற்க, தமிழர் தம்மிடத்து அரிய எழுத்தையே அதற்கு இருக்கையாகத் தந்தனர். அரபெழுத்திலே தமிழை எழுதிய அரபுத்தமிழ் ஏடுகளைக் காண்போர், அரபில் இல்லாத தமிழொலிகட்காக அவர்கள் புள்ளியும் குறியும் இட்டுப் புதிய எழுத்துக்கள் சமைத்திருத்தலைக் காண்பர். கொடையும் கொள்ளலும் இருபுறத்தும் நிகழ்ந்தன.

அப்துல் காதிறு என்னும் பெயர் சீதக்காதியில் அடங்கியதும், உமர் என்பது சீறாப்புராணம் பாடியவர் பெயரிலே உமறு ஆயதும், அகமத் என்பது ஈற்றிலே உகரம் பெற்று அகமது ஆயதும் இவ்வழியே. வல்லெழுத்து மெய்யில் தமிழ்ச்சொல் முடியாது. துருக்கியரும் அப்பெயரின் ஈற்றுத் தகரத்தைத் தம் மொழி இயல்புக்கேற்ப வலித்து அஹ்மெத் என்றனர். அவர் செய்தது திருத்தமும் நாம் செய்தது சிதைவும் அல்ல. அவரவர் மொழி அவரவர்க்கு விதித்த வழி அது. கிழக்கிலங்கையில் வழங்கும் உதுமாலெப்பை என்னும் பெயரிலே உதுமான் ஈற்று னகரம் கெட்டு லகரத்தோடு புணர்ந்தமையும் காண்க. புணர்ச்சி விதி ஏற்ற சொல்லை அயற்சொல் எனல் அரிது.

துருக்கி நாட்டு மொழித்தூய்மை இயக்கத்தையும் ஈண்டு நினைத்தல் தகும். 1932 ஆம் ஆண்டில் அங்கே மொழிக்கழகம் ஒன்று எழுந்து அரபு, பாரசீகச் சொற்களைக் களைந்தது. அத்தலைவர் முஸ்தபா கமாலின் இருபெயரும் அரபே: முஸ்தபா தெரிந்தெடுக்கப்பட்டவர், கமால் நிறைவு. இரண்டாம் பெயர் பள்ளிக்கூடத்துக் கணித ஆசிரியர் இட்டது என்று கூறுவர். அவரும் 1935 ஆம் ஆண்டளவில் அதனைத் துருக்கி வேர் உடையதாகக் காட்டும் வண்ணம் எழுத்தைச் சிறிது மாற்றி எழுதினார். பின்னர்ப் பழைய வடிவத்துக்கே மீண்டார். சொற்கள் பல சென்றன; ஒஸ்மானும் அஹ்மெத்தும் மெஹ்மெத்தும் நின்றன. நம்மிடையே சூரியநாராயண சாத்திரியார் பரிதிமாற் கலைஞர் ஆனதும், வேதாசலனார் மறைமலையடிகள் ஆனதும் அவர்தம் விருப்பத்தால் நிகழ்ந்தவை, போற்றத்தக்கவை. ஒருவன் தன் பெயரைத் தானே மாற்றிக்கொள்ளல் அவன் உரிமை. பிறர் நகைப்பர் என அஞ்சியோ, பிறர் திருத்தியமையாலோ மாற்றுதல் உரிமை ஆகாது. எம் மாணவனுக்கும் இதனையே கூறினோம்: "ஒஸ்மான் எனவே எழுத விரும்பின் எழுதுக; ஆயின் உதுமான் பிழையென்று கருதி எழுதற்க."

மறுநாள் அவனுடைய தாயார் எம்மைக் காண வந்தார். பெயர்பற்றிய பேச்சு வீட்டுக்குச் சென்றிருந்தது. அவ்வம்மையார் ஒரு பொலித்தீன் பையிலிருந்து மூன்று தாள்களை எடுத்து மேசைமேல் வைத்தார். முதலாவது, பழைய காணி அனுமதிப்பத்திரம். பாட்டனார் பெயர் அதில் உதுமான். இரண்டாவது, இடம்பெயர்ந்திருந்த காலத்தில் பெற்ற அடையாள ஆவணம். அதில் அவரே உஸ்மான். மூன்றாவது, அவர்தம் மரணச் சான்றிதழ். அதில் வேறோர் எழுத்துக்கூட்டல். ஊருக்கு மீண்டபின் காணியை உறுதிசெய்யச் சென்ற அலுவலகமொன்றில், இம்மூவரும் ஒருவரே என்பதற்குச் சான்று யாது என வினவினராம். "மூன்று முறை போனோம், சேர். மனிசன் ஒராள்தான் என்டு எப்படிக் காட்டுற?" என்றார் அவர்.

அலுவலரைக் குறைகூறுதல் எம் நோக்கமன்று. ஏட்டில் உள்ளதைக்கொண்டே அவர் ஒழுகுதல் வேண்டும். ஆயின் ஓரெழுத்து மாறியமையால் ஒரு மனிதர் மூவராய்ப் பிரிந்து, அம்மூவருள் எவர்க்கும் நிலமில்லை என்றாகுமாயின், அது சிறிய பிழையன்று. 1990 இற்குப் பின்னர் ஊர்ஊராய் அலைந்தோர் ஆவணங்களை ஓரிடத்துப் பெற்றிலர். எழுதிய ஒவ்வொருவரும் தம் செவிக்குக் கேட்டவாறு எழுதினர். தமிழ் அறிந்தவர் தகரம் எழுதினார். ஆங்கிலத்தில் எழுதிப் பின் தமிழாக்கியவர் ஸகரம் எழுதினார். அகதிவாழ்வின் வரலாறு அப்பெயரின் எழுத்துக்களிலேயே பதிந்து கிடந்தது.

அன்றிரவு யாம் ஒரு கடிதம் எழுதினோம். உதுமான், உஸ்மான், ஒஸ்மான் ஆகியன ஒரே அரபுப் பெயரின் மூன்று வடிவங்கள் என்பதையும், அரபுப் பல்லொலி தமிழில் தகரமாகவும் பாரசீக, துருக்கி மொழிகளில் ஸகரமாகவும் வருதல் விதி என்பதையும், அரபெழுத்தில் எழுதின் மூன்றும் ஒன்றே என்பதையும் நிரல்பட வரைந்து, அரபெழுத்து வடிவத்தை ஊர்ப் பள்ளிவாசல் மௌலவியைக்கொண்டு எழுதுவித்து, கையொப்பமிட்டு, பயிற்றப்பட்ட தமிழாசிரியன் எனக் கீழே குறித்தோம். சமாதான நீதவான் முன்னிலையில் எழுதிய சத்தியக் கடதாசியோடு அதனையும் அக்குடும்பத்தார் இணைத்தனர். நான்காம் முறை சென்றபோது அது ஏற்கப்பட்டது. காணி பற்றிய முடிபு எமக்குத் தெரிந்தவரை இன்னும் வந்திலது. ஆயின் ஆள் ஒருவரே என்பது கோவையில் ஏறிவிட்டது. ஆசிரிய கலாசாலையிற் பயின்ற காலத்து, பிறப்பியலைக் கற்று யாது பயன் என எம் நண்பர் ஒருவர் கேட்பதுண்டு. அவர் இதனை வாசிப்பாராயின் விடை இதுவே.

முள்ளிக்குளத்துப் பெரியவர் சிலரும் அக்கதையைக் கேள்வியுற்றனர். அவர்தம் ஆவணங்களிலும் இவ்விடர் உண்டு. சந்தியாகு என ஒரு தாளிலும் யாகப்பு என மற்றொரு தாளிலும் இருக்கும். போர்த்துக்கேயர் புனித யாகோபுவைச் சாந்தியாகோ என அழைத்ததனால் வந்தது சந்தியாகு; முஸ்லிம்களின் யாக்கூபும் அதுவே. சூசையும் யூசுபும் ஒருவர். தாவீதும் தாவூதும் ஒருவர். மரியாளும் மரியமும் ஒருவர். பழைய கத்தோலிக்க நூலார் ஒலியைக் கொள்ளாது பொருளைக்கொண்டு பெயர்த்ததும் உண்டு. பவுல் என்பதற்குச் சிறியர் எனப் பொருளாதலின் சின்னப்பர் என்றனர். யோவான் என்பதிலே இறையருள் என்னும் பொருள் உண்மையின் அருளப்பர் என்றனர். மறிச்சுக்கட்டி இடாப்பையும் முள்ளிக்குளத்து ஞானஸ்நானப் பதிவையும் அருகருகே வைத்து நோக்குவோர், இருவேறு ஊரின் பெயர்ப்பட்டியலில் ஒரே முன்னோர் நிற்றலைக் காண்பர். அவற்றின்மேல் தமிழ் தன் உகரத்தையும் இகரத்தையும் இட்டு, எல்லோரையும் ஒரே திண்ணையில் இருத்தியது.

இம்மலரை வாசிக்கும் பழைய மாணவருள் பதிவாளர் உளர், சட்டத்தரணிகள் உளர், செயலகங்களிற் கடமையாற்றுவோர் உளர், எம்போன்ற ஆசிரியரும் பலர் உளர். அவர்கட்கெல்லாம் எமது விண்ணப்பம் ஒன்று. பெயரொன்றை எழுதுமுன் அதனை உடையாரைக் கேட்டு எழுதுக. அவர் வீட்டார் அதனை எவ்வாறு ஒலிப்பரோ அவ்வாறே எழுதுக. உமக்குத் தெரிந்த பிறிதொரு வடிவத்தாற் திருத்தற்க. இரண்டு தாள்களில் இரண்டு வடிவம் காணின், இருவர் எனத் துணியுமுன் ஒருவராதல் கூடுமோ என ஒருகணம் எண்ணுக. போரும் பெயர்வும் கண்ட நாட்டிலே இவ்வொருகணம் ஒரு குடும்பத்தின் நிலமாதல் கூடும்.

மாணவர்கட்கும் ஒன்று கூறுவோம். உங்கள் பெயரின் பொருளைப் பெற்றோரிடமும் பாட்டன் பாட்டியரிடமும் கேட்டறிக. அது வடசொல்லாயினும், அரபாயினும், எபிரேயமாயினும், தூய தமிழாயினும், உங்கள் வீட்டார் வாயில் அது எவ்வடிவம் பெற்றதோ அவ்வடிவத்துக்கு ஒரு காரணம் உண்டு. இலக்கணம் அக்காரணத்தைக் காட்டும். தேர்வுக்கு மட்டும் கற்ற இலக்கணம் தேர்வோடு மறையும். தம் பெயரைக்கொண்டு கற்ற இலக்கணம் தம்மோடு வாழும்.

நம் கல்லூரியின் இடாப்புக்களில் தலைமுறை தலைமுறையாக எழுதப்பட்ட பெயர்கள் எத்தனையோ! ஒவ்வொன்றையும் நாள்தோறும் காலையில் ஓர் ஆசிரியர் குரலெடுத்து அழைத்தார். ஒரு சிறுவன் எழுந்து நின்று விடையிறுத்தான். அவருட் சிலர் கடல்கடந்து சென்றனர், சிலர் இன்றில்லை. ஆயினும் பெயர்கள் உரிய எழுத்தோடு அங்கே இருக்கின்றன. அப்பெயர்களைக் காத்த கல்லூரி அன்னை நீடு வாழ்க. அவள் மைந்தர் எவ்விடத்திருப்பினும் பிறர் பெயரையும் தம் பெயர்போற் காத்து வாழ்க.